பாதிக் கிணறு

ஜனவரி 2

தீவனக் கடைக்காரர் இந்த வருஷமும் டைரி கொடுத்தார். அட்டையில் கொழுத்த ஜெர்சி மாடு. போன வருஷம் கோழி. என் மாடுகள் இந்தப் படத்தைப் பார்த்தால் வெட்கப்பட்டுப் பாலை நிறுத்திவிடும்.

எனக்கு எழுத என்ன இருக்கிறது, பால் அளவும் தண்ணீர் முறையும்தான். கிணறு என் தோட்டத்தில் இருந்தாலும் பாதி பக்கத்துத் தோட்டத்து நாட்ராயனுக்கு. மூன்று நாள் எனக்கு, மூன்று நாள் அவருக்கு. முறை முடிகிறவர் மாட்டுத் தொட்டியை நிரப்பி வைத்துவிட்டு, மோட்டார் ரூம் சாவியை வேப்பமரத்து ஆணியில் மாட்டிவிட்டுப் போக வேண்டும். மாமனார் காலத்து ஏற்பாடு. அவர் போய், என் வீட்டுக்காரரும் போய் ஒன்பது வருஷமாகிவிட்டது. முறை மட்டும் ஒரு தடவைகூடத் தவறியதில்லை.

இன்று என் முறை ஆரம்பம். தொட்டியில் விளிம்பு வரை தண்ணீர். மேலே ஒரு வேப்பிலைகூட மிதக்கவில்லை, எல்லாவற்றையும் அரித்து எடுத்துவிட்டுப் போயிருக்கிறார். இலை கிடந்தால் மாடு குடிக்காதா என்ன? வேலை இல்லாத மனுஷன்.

ஜனவரி 5

முறை முடிந்தது. வெங்காயத்துக்குத் தண்ணீர் கட்டியாயிற்று. தொட்டியை நிரப்பினேன், இலையை அரித்தேன். ஒரு சொம்பு மோரைத் தொட்டி மேட்டில் மூடி வைத்தேன். வீட்டில் இருந்தால் புளித்துத்தான் போகும்.

ஜனவரி 11

கல் நட்டுவிட்டார்கள். புறவழிச்சாலை வருகிறது என்று இரண்டு வருஷமாகச் சொல்லிக்கொண்டிருந்தார்கள், நாங்களும் வரும்போது பார்த்துக்கொள்ளலாம் என்று இருந்தோம். இன்று மஞ்சள் பெயின்ட் அடித்த கல்லை வெங்காயப் பாத்திக்கு நடுவிலேயே ஊன்றினார்கள். கொஞ்சம் தள்ளி ஊன்றக் கூடாதா என்றேன். ரோடு தள்ளிப் போகாதும்மா என்றான் கம்பி பிடித்தவன்.

சாலை என் தோட்டத்தைக் குறுக்கே வெட்டிக்கொண்டு போகிறது. கிணறு, மோட்டார் ரூம், வேப்பமரம், வெங்காயக் காடு எல்லாம் போகும். வீடும் மாட்டுக் கொட்டகையும் கிழக்கே ஒன்றேகால் ஏக்கரும் மிஞ்சும். அந்த ஒன்றேகாலை ஒட்டித்தான் நாட்ராயனுடைய இரண்டு ஏக்கர். அதில் ஒரு சென்ட்கூடப் போகவில்லை. ஊரில் எல்லோரும் அவரை அதிர்ஷ்டக்காரர் என்கிறார்கள். கிணறு போன பிறகு அந்த இரண்டு ஏக்கரில் என்ன முளைக்கும் என்று யாரும் கேட்கவில்லை.

ஜனவரி 24

இன்று ஆபீஸ்காரர்கள் கணக்கெடுக்க வந்தார்கள். தென்னை எத்தனை, கிணறு எத்தனை அடி, மோட்டார் ரூம் ஓடா தகரமா என்று ஒவ்வொன்றாக எழுதினார்கள். நாட்ராயன் முறை நடந்துகொண்டிருந்ததால் அவர் மடை திருப்பிக்கொண்டு அங்கேதான் நின்றார். எழுதுகிற பையன் நிமிர்ந்து, கிணறு யாருது என்று பொதுவாகக் கேட்டான். நான் வாயைத் திறப்பதற்குள் அவர் சொல்லிவிட்டார்.

“அது அவங்க கெணறுங்க.”

எங்கள் பக்கத்து மரியாதை அது. கிணறு யார் பூமியில் இருக்கிறதோ அவர்கள் பெயரைச் சொல்லித்தான் சொல்வார்கள். பாதி பாத்தியம் உள்ளவன் அடுத்தவர் எதிரில் என்னுடையது என்று சொல்லமாட்டான். ஊருக்குள் சொன்னால் எல்லோருக்கும் புரியும். எழுதுகிற பையனுக்கு எப்படிப் புரியும்? என் பெயரைப் போட்டு, மயிலாத்தாள், கிணறு ஒன்று என்று எழுதிக்கொண்டு போய்விட்டான்.

நானாவது சொல்லியிருக்கலாம். அவர் சொல்லி முடித்த பிறகு அத்தனை ஆண்கள் நடுவில் இல்லை என்று எப்படி மறுப்பது என்று நின்றுவிட்டேன். இப்போது நினைத்தால் எரிச்சலாக வருகிறது. அவர் மேலா என் மேலா தெரியவில்லை.

பிப்ரவரி 3

ஊர்க் கூட்டம். விலை பற்றி ஒரே சத்தம். அரசாங்கம் சுற்று வட்டாரத்தில் பதிவான பத்திரங்களைப் பார்த்து விலை போடுகிறதாம். எங்கள் ஊரில் யார் உண்மையான விலையைப் பத்திரத்தில் போட்டார்கள்? முத்திரைச் செலவை மிச்சம் பிடிக்கப் பாதிக்குப் பாதி குறைத்துத்தான் எல்லோரும் போட்டார்கள். அப்போது சாமர்த்தியம் என்றார்கள். இப்போது அதே பத்திரங்களை அரசாங்கம் எடுத்துக் காட்டுகிறது, ஊரே திருதிருவென்று முழிக்கிறது. சிரிப்பு வந்தது, அடக்கிக்கொண்டேன். என் பூமியும் அதில்தானே இருக்கிறது.

நாட்ராயன் கடைசி வரிசையில் உட்கார்ந்திருந்தார். யாரும் அவரை எதுவும் கேட்கவில்லை.

பிப்ரவரி 7

முறை மாறும் நேரத்துக்குக் கொஞ்சம் முன்னாலேயே போனேன். அவர் தொட்டியில் இலை அரித்துக்கொண்டிருந்தார். உங்க பத்திரத்துல கெணறு இருக்குதுதானுங்க என்று கேட்டேன். அவர் அப்பா என் மாமனாரின் தம்பியிடம் அந்தப் பூமியை வாங்கியபோது எழுதிய பத்திரம் அது.

“இல்லீங்க. கெணத்தையும் சேத்தி எழுதுனா முத்திரைக்கு இன்னும் ஆகுமுன்னு பூமிய மட்டும் எழுதிப்போட்டாங்க. கெணத்துக்கு வாய்வார்த்தைதானுங்க.”

வெயிலைப் பற்றிச் சொல்வதுபோல அத்தனை சாதாரணமாகச் சொன்னார். கிணற்றில் அவருக்குப் பாதி உண்டு என்பதற்கு இந்த உலகத்தில் எந்தக் காகிதமும் கிடையாது. சொன்னவர்களும் செத்தார்கள், கேட்டவர்களும் செத்தார்கள். மிச்சம் இருப்பது நானும் அவரும்.

அப்ப என்னங்க பண்ணுவீங்க என்றேன். உடுமலையில் தங்கச்சி வீட்டுக்காரர் தென்னந்தோப்பு பார்த்துக்கொள்ள ஆள் தேடுகிறாராம். பூமியை வந்த விலைக்கு விற்றுவிட்டு அங்கே போய்விடலாம் என்று இருக்கிறாராம். சாவியை ஆணியில் மாட்டிவிட்டு வரப்பில் நடந்து போனார். இரண்டு அடி தூரத்தில் நான் நிற்கிறேன், கையில் கொடுத்தால் என்ன? ஆணியில்தான் மாட்ட வேண்டும் அவருக்கு.

பிப்ரவரி 9

வெங்காயத்துக்குக் களை எடுக்கவில்லை. மனசு ஒன்றிலும் நிற்கவில்லை.

பிப்ரவரி 26

நேற்று அவர் முறை முடிந்திருக்க வேண்டும். ஆணியில் சாவி இல்லை. தொட்டி பாதிதான் இருந்தது. இதுவரை இப்படி நடந்ததில்லை. காத்திருந்து பார்த்துவிட்டு வரப்பைத் தாண்டி அவர் வீட்டுப் பக்கம் போனேன். காய்ச்சல். கட்டிலில் போர்த்திக்கொண்டு படுத்திருந்தார், சாவி தலைமாட்டில் இருந்தது. என்னைப் பார்த்ததும் எழுந்து உட்கார்ந்து, தொட்டியை ரொப்ப முடியலீங்க என்றார். உடம்பு கொதிக்கிறது, தொட்டிதான் கவலை.

கல்யாணம் பண்ணிக்கொள்ளாமல் படுத்த படுக்கையாகக் கிடந்த அம்மாவைப் பார்த்துக்கொண்டே காலம் போய்விட்டது அவருக்கு. வாசலிலிருந்தே அடுப்பு தெரிந்தது, பற்றவைத்து இரண்டு நாள் ஆகியிருக்கும். என் வீட்டுக்குப் போய் ரசம் வைத்துக் கொண்டுவந்தேன். வாசலில் நின்று கொடுத்தேன், உள்ளே போகவில்லை. திரும்பும்போது, சொசைட்டிக்குப் பால் கேனோடு போய்க்கொண்டிருந்த செல்லாத்தா பார்த்துவிட்டாள்.

பிப்ரவரி 27

பால் சொசைட்டியில் செல்லாத்தா கேட்டாள்.

“ஏனக்கா, ஊர்ல எல்லாத்தையும் அண்ணாங்கற. அவரை மட்டும் ஏனுங்க, ஏனுங்கங்கற?”

புருஷனைக் கூப்பிடுகிற மாதிரி இருக்கிறதாம் அவளுக்கு. பாலை அளந்துவிட்டு வந்தேன். அவர்கள் குலக் கூட்டம் வேறு, எங்கள் குலக் கூட்டம் வேறு, அண்ணா என்று கூப்பிட வேண்டிய முறையும் இல்லை. இதை அவளிடம் நின்று விளக்கிக்கொண்டிருக்க எனக்கு நேரம் ஏது?

மார்ச் 15

நவநீதன் திருப்பூரிலிருந்து வந்தான். மகன் வந்தால் கோழி அடிக்க வேண்டும், அடித்தேன். பனியன் கம்பெனியில் அடுத்தவனுக்குக் கணக்குப் பார்த்தது போதும், இந்தப் பணம் வந்தால் சொந்தமாகப் பத்து மெஷின் போட்டுவிடலாம் என்று பேப்பரில் கட்டம் போட்டுக் காட்டினான். நல்ல யோசனைதான். அவன் கண்ணில் இப்படி ஒரு வெளிச்சத்தைப் பார்த்து நாளாயிற்று. பூமிக்கு வருவதில் பெரும்பங்கை எடுத்துக்கொள் என்றேன்.

சாப்பிட்டு முடித்த பிறகு, கிணற்றில் பாதி நாட்ராயனுக்குச் சேர வேண்டும், தாலுகா ஆபீஸ் விசாரணையில் சொல்லப்போகிறேன் என்றேன். முகம் மாறிவிட்டது.

“கெணறு நம்ம பூமியில இருக்குது. எழுதுனதும் உன்ர பேர்ல எழுதிட்டாங்க. அவரே கேக்கல. நீயா எதுக்கும்மா போய்ச் சொல்லோணும்?”

அவருக்குச் சேர வேண்டியது என்றேன். தட்டைத் தள்ளி வைத்துவிட்டு, ஊருல என்ன பேசறாங்கன்னு உனக்குத் தெரியுமா என்று கேட்டான். தெரியும் என்றேன். வேறென்ன சொல்வது? அந்தக் கிணற்றில் இவன் முதுகில் காலி எண்ணெய் கேனைக் கட்டி நீச்சல் சொல்லிக் கொடுத்தது நாட்ராயன்தான். இவன் அப்பாவுக்குத் தண்ணீர் என்றால் பயம். அதைச் சொல்லிக் காட்டவில்லை. சாயங்கால பஸ்ஸுக்கே போய்விட்டான், கட்டிக் கொடுத்த கறியையும் எடுத்துக்கொள்ளவில்லை.

மார்ச் 16

யோசித்துப் பார்த்தேன். நான் செய்வது நியாயத்துக்காக. நாட்ராயன் இடத்தில் வேறு யார் இருந்தாலும் இதைத்தான் செய்வேன். சாலை என் பூமியை எடுக்கிறது, எனக்கு விலை கொடுக்கிறது. அவர் பூமியை விட்டுவிட்டுத் தண்ணீரை எடுத்துக்கொண்டு போகிறது, அதற்கு எதுவும் கிடையாது என்றால் எப்படி? அவருக்குப் பாதிக் கிணற்றின் விலை வந்தால் தன் பூமியில் ஒரு போர் போட்டுக்கொள்வார். போர் போட்டால் எதற்கு உடுமலைக்குப் போகப்போகிறார்?

அவர் போவதும் இருப்பதும் அவர் இஷ்டம்.

ஏப்ரல் 6

நாளை மறுநாள் விசாரணை. அவரையும் வரச் சொன்னேன். எனக்கு நோட்டீஸ் வரலீங்களே என்றார். நோட்டீஸ் வராவிட்டால் என்ன, வந்து உட்காருங்கள், நான் சொல்லிக்கொள்கிறேன் என்றேன். மண்வெட்டிப் பிடியைத் தேய்த்துக்கொண்டே நின்றார்.

“வேண்டாமுங்க. உங்களுக்கும் பையனுக்கும் நடுவுல நான் எதுக்குங்க.”

ஏப்ரல் 7

சாவி ஆணியில் இருக்கிறது. அவர் முறை முடிய இன்னும் ஒரு நாள் இருக்கிறது. தங்கச்சியைப் பார்க்க உடுமலைக்குப் போய்விட்டாராம். எனக்குச் சங்கடம் வேண்டாம் என்று ஓடியிருக்கிறார். ஓடுவதற்கு முன்பும் தொட்டியை நிரப்பி, இலையை அரித்து வைத்துவிட்டுத்தான் போயிருக்கிறார். அந்தத் தொட்டியைப் பார்த்ததும் அழுகை வந்துவிட்டது. மாடு என்னையே பார்த்துக்கொண்டு நின்றது.

ஏப்ரல் 8

தாலுகா ஆபீஸ் ஹாலில் ஃபேன் இருந்தது, காற்று இல்லை. ஊர்க்காரர்கள் பாதிப் பேர் அங்கே. நவநீதன் லீவு போட்டு வந்து என் பக்கத்தில் உட்கார்ந்தான். தண்ணீர் பாட்டில் மட்டும் வாங்கி வந்து கையில் கொடுத்தான்.

தனி தாசில்தார் ஒரு பெண். என் வயதுதான் இருக்கும். என் பெயரைக் கூப்பிட்டு, சர்வே நம்பர் சொல்லி, தென்னை, மோட்டார் ரூம், கிணறு என்று வாசித்துவிட்டு ஆட்சேபணை உண்டா என்று கேட்டார். முதலில் பூமி விலை போதாது என்று ஊரோடு சேர்ந்து சொல்ல வேண்டியதைச் சொன்னேன். பத்திர விலையை வைத்து அளக்காதீர்கள், எங்கள் வெள்ளாமையைப் பார்த்து அளந்து கொடுங்கள் என்றேன். எழுதிக்கொண்டார். பிறகு எழுந்து நின்று, கிணற்றில் எனக்குப் பாதிதான், மீதி நாட்ராயனுக்கு என்றேன்.

ஆதாரம் என்ன என்றார். பத்திரத்தில் இல்லை, வாய்வார்த்தை என்றேன். அவர் ஏன் வரவில்லை என்றார். அவருங்களுக்குக் கேக்கத் தெரியாதுங்க என்றேன். பின்னால் யாரோ சிரித்தார்கள். தாசில்தார் கண்ணாடியைக் கழற்றி வைத்துவிட்டு என்னைப் பார்த்தார்.

“ஆதாரம் இல்லாம நீங்களா ஏம்மா சொல்றீங்க? நாளைக்கு வந்து பணம் குறைஞ்சு போச்சுன்னு சொல்லக் கூடாது.”

“கொறையாதுங்க. எனக்குப் பாதிதானுங்க. முறைக்கு முறை அவருங்க வெச்ச சாவிய எடுக்கறது நானுங்க. எனக்குத் தெரியாதுங்களா?”

இந்தத் தடவை யாரும் சிரிக்கவில்லை. முதல் தடவை மாதிரி சிரித்திருந்தால்கூட இத்தனை கூச்சமாக இருந்திருக்காது. என் குரல் எனக்கே வேறு மாதிரி கேட்டது. நவநீதன் எழுந்து வெளியே போய்விட்டான். தாசில்தார் நான் சொன்னதை எழுதி வாசித்துக் காட்டி என்னிடம் கையெழுத்து வாங்கினார். நாட்ராயனுக்கு நோட்டீஸ் அனுப்பி விசாரிப்பதாகவும், அதுவரை கிணற்றுப் பணத்தில் அந்தப் பாதியை யாருக்கும் கொடுக்காமல் வைத்திருப்பதாகவும் சொன்னார்.

வெளியே வந்தால் நவநீதன் இல்லை. பஸ் ஏறி வந்து மாட்டுக்குச் சோளத்தட்டு போட்டேன்.

ஏப்ரல் 14

வந்துவிட்டார். ஊருக்குள் நுழையும்போதே யாரோ சொல்லியிருக்கிறார்கள். என் முறை நடந்துகொண்டிருந்தது, நான் மடை மாற்றிக்கொண்டிருந்தேன். வாய்க்காலுக்கு அந்தப் பக்கம் வந்து நின்றார். கையில் உடுமலையிலிருந்து கொண்டுவந்த இளநீர்க் குலை.

“எதுக்குங்க இப்பிடிப் பண்ணுனீங்க?”

கணக்கெடுத்த அன்று அவர் அது என்னுடைய கிணறு என்று சொன்னதைக் கேட்டு எனக்கு எப்படி இருந்தது தெரியுமா என்றேன். குலையை மறு கைக்கு மாற்றிக்கொண்டார். இளநீரை வேப்பமரத்தடியில் வைத்துவிட்டுப் போனார். ஐந்து காய். ஒன்றை இப்போதுதான் சீவிக் குடித்தேன், நல்ல இனிப்பு.

மே 20

நோட்டீஸ் வந்து நாட்ராயன் தாலுகா ஆபீஸ் போய் வந்தார். ஊர்ப் பெரியவர்கள் இரண்டு பேர் கூடப் போய், முறை நடப்பது உண்மைதான் என்று சொன்னார்களாம். தாசில்தார் மேலே எழுதியிருக்கிறார். மேலே என்றால் எவ்வளவு மேலே என்று தெரியவில்லை.

ஜூலை 18

பூமிப் பணமும் என் பாதிக் கிணற்றுப் பணமும் பேங்கில் விழுந்துவிட்டது. முதலில் சொன்னதைவிட விலை கொஞ்சம் ஏறியிருக்கிறது, கேட்ட அளவுக்கு இல்லை. நவநீதன் பங்கை அவன் கணக்குக்கு அனுப்பினேன். வந்திருச்சும்மா என்று ஒரு வரி மெசேஜ். அவ்வளவுதான்.

நாட்ராயன் பாதி இன்னும் வரவில்லை.

ஜூலை 30

மிஞ்சிய ஒன்றேகாலில் போர் போட்டேன். நீரோட்டம் பார்க்கிறவர் உள்ளங்கையில் தேங்காயை வைத்துக்கொண்டு நடந்தார், கொட்டகைக்குப் பின்னால் தேங்காய் எழுந்து நின்றது. பள்ளத்தில் கொட்டியது மாதிரி பணம் போயிற்று. வெள்ளைப் புழுதிதான் வந்தது. வேலி ஓரத்துப் பூவரசு, மாடு, துவைத்துப் போட்ட சேலை, என் தலை எல்லாம் மாவு பூசினாற்போல ஆகிவிட்டது. வண்டிக்காரன், இன்னும் ஐம்பது அடி போலாமா என்றான். போதும் போ என்று அனுப்பினேன்.

நாட்ராயன் வரப்பில் நின்று பார்த்துக்கொண்டே இருந்தார். கடைசி வரைக்கும் நின்றார்.

ஆகஸ்ட் 12

நாளைக்குக் கிணற்றை மூடுகிறார்கள்.

இன்று அவர் முறை முடியும் நாள். மோட்டார் ஓடவில்லை, இணைப்பைப் பிடுங்கிவிட்டார்கள். நாளைக்கு இடிக்கப்போகிற ரூமைப் பூட்டிச் சாவியை ஆணியில் மாட்டியிருந்தார். தொட்டி நிறைந்திருந்தது. குடத்தால் மொண்டு மொண்டு நிரப்பியிருக்கிறார். படியெல்லாம் ஈரம்.

சாவியை எடுத்து என் வீட்டுச் சாவிக் கொத்தில் சேர்த்துக்கொண்டேன்.

ஆகஸ்ட் 13

டிப்பர் லாரிகள் வந்தன. மண் விழும் சத்தம் முதலில் தண்ணீர்ச் சத்தமாகக் கேட்டது, போகப் போக மண் மேல் மண் விழும் சத்தம். நவநீதன் போன் பண்ணினான். ஏப்ரலுக்குப் பிறகு அவனாகப் பண்ணுவது இதுதான் முதல் தடவை. கெணத்தை மூடறதை வீடியோ எடுத்து அனுப்பும்மா என்றான். எடுத்தேன். மண் புழுதியில் சரியாக விழவில்லை, இருந்தாலும் அனுப்பினேன். பார்த்துவிட்டுக் கொஞ்ச நேரம் கழித்துக் கூப்பிட்டு, மாமா அங்க இருக்கறாரா என்று கேட்டான். நாட்ராயனைச் சின்னதிலிருந்தே அப்படித்தான் கூப்பிடுவான். இல்லை என்றேன்.

வேப்பமரத்தையும் சாய்த்தார்கள். ஆணி எந்தப் பக்கம் போயிற்று என்று தேடினேன், கிடைக்கவில்லை.

ஆகஸ்ட் 19

நாட்ராயன் உடுமலைக்குப் போய்விட்டார். தோப்பு பார்த்துக்கொள்ளும் வேலை. போவதற்கு முன் வாசல் வரை வந்தார்.

“தண்ணியில்லாத காட்டுல ஒக்காந்துட்டு என்னங்க பண்றது. பாதி வந்தாச் சொல்லுவாங்களாமா. பாத்துக்கறனுங்க.”

எதைப் பார்த்துக்கொள்வார் என்று கேட்கவில்லை. போய்ட்டு வாங்க என்றேன். போகிறவர்களுக்கு எல்லோரும் சொல்வதுதான். நான் அந்த ‘வாங்க’வை அழுத்திச் சொன்னேன் என்று நினைக்கிறேன், அவர் காதில் விழுந்ததா தெரியாது.

செப்டம்பர் 1

பழைய தொட்டியும் கிணற்றோடு போயிற்று. கொட்டகையில் ஒரு சிமென்ட் தொட்டி வைத்து, மாட்டுக்குத் தண்ணீர் பஞ்சாயத்துக் குழாயில் பிடிக்கிறேன். குளோரின் வாடைக்குச் செவலைப் பசு முகத்தைத் திருப்பிக்கொள்கிறது.

செப்டம்பர் 10

மூன்று நாள் ஆனால் கால் தானாக மேற்கே போகிறது. பாதி வழியில் ஜல்லிக் குவியல் தடுக்கிறது. அதற்கு மேல் போக முடியாது, போனாலும் அங்கே ஒன்றுமில்லை. இன்றைக்கும் போய்விட்டுத் திரும்பினேன். ரோடு வேலை செய்கிற வடக்கத்திப் பையன்கள் என்னைப் பார்த்து எதையோ தொலைத்துவிட்டேன் என்று நினைத்து, அவர்களும் கீழே குனிந்து தேடினார்கள்.

செப்டம்பர் 22

அவரைப் பார்க்க வேண்டும்போல இருக்கிறது.

செப்டம்பர் 23

நேற்று எழுதியதைக் கிழித்துவிடலாம் என்று பார்த்தேன். கிழித்தால் பின்பக்கத்தில் சினை ஊசி போட்ட தேதி போய்விடும். இருக்கட்டும்.

அக்டோபர் 9

சொசைட்டியில் செல்லாத்தா, உடுமலைப் பக்கம் நல்ல மழையாமே அக்கா என்றாள். எனக்கு எப்படித் தெரியும் என்றேன். இந்தத் தடவை அவள் கேலி பண்ணவில்லை. கேனை என் தலையில் தூக்கிவைத்துவிட்டு, சேலைத் தலைப்பைச் சரி பண்ணிவிட்டாள்.

அக்டோபர் 28

தீபாவளிக்கு வராத நவநீதன் இன்று வந்தான். மெஷின் ஓடுகிறதாம், ஆறுதான் போட்டிருக்கிறானாம். எனக்கு ஒரு சேலை, கூடவே ஒரு வேட்டி துண்டு. வேட்டி யாருக்கு என்றேன்.

“மாமாவுக்கு. வந்தாக் குடு.”

நீ சொன்னது சரி என்றும் சொல்லவில்லை, தப்பு என்றும் சொல்லவில்லை. கட்டிக் கொடுத்த கறியை எடுத்துக்கொண்டு போனான்.

நவம்பர் 24

மாட்டுக்குத் தீனி போட்டுக்கொண்டிருக்கும்போது போர் வண்டிச் சத்தம். யார் வீட்டிலாவது போடுகிறார்கள் என்று நினைத்தேன். வண்டி நாட்ராயன் பூமிக்குள் திரும்பியது. முன்னால் வழி காட்டிக்கொண்டு அவர் நடந்து வருகிறார். கறுத்திருக்கிறார், இளைத்திருக்கிறார். பாதி வந்துவிட்டதாம். வந்த அன்றைக்கே தோப்பு வேலையை விட்டுவிட்டாராம்.

இரண்டு ஏக்கர் இருக்கிறது அவருக்கு. நீரோட்டக்காரர் தேங்காயோடு நடுவில் ஓர் இடம் சொல்லியிருக்கிறார், அவர் கேட்கவில்லை. என் வேலியை ஒட்டி, பூவரசுக்கு எட்டிய தூரத்தில் போட வேண்டும் என்று அடம்பிடித்து நின்றார். இங்க எதுக்குங்ணா, ஓரமா இருக்குது என்று வண்டிக்காரன் கேட்டது என் காதிலும் விழுந்தது. இங்கயே போடுப்பா என்றார்.

புழுதி வந்தது. வந்துகொண்டே இருந்தது. என் போரில் வந்த அதே வெள்ளைப் புழுதி. சமைக்க முடியவில்லை, உட்கார முடியவில்லை. வேலியைப் பிடித்துக்கொண்டு நின்றேன். அவர் அந்தப் பக்கம் நின்றார். இரண்டு பேர் தலையும் வெள்ளையாகிவிட்டது. எங்கள் ஊர்ச் சாமிகள் ஒன்றையும் விடாமல் கூப்பிட்டேன்.

சத்தம் மாறியது. புழுதி சேறாகி, சேறு தண்ணீராகிப் பீய்ச்சியது. வேலி தாண்டி என் மேலும் விழுந்தது. நான் நகரவில்லை.

நவம்பர் 30

கரண்ட் இணைப்புக்குக் காத்திருந்தால் ஆயுசு போதாது என்று மானியத்தில் சோலார் மோட்டாருக்கு எழுதிக் கொடுத்து, அது வரும் வரை வாடகைக்கு எஞ்சின் கொண்டுவந்திருக்கிறார். சின்னதாக ஒரு தகர ரூம். கதவை என் வீட்டுப் பக்கம் பார்த்து வைத்திருக்கிறார்கள். கொத்தனாரின் தவறு என்று நினைக்கிறேன்.

டிசம்பர் 6

எஞ்சின் ஓடுகிறது. அவர் சோளம் விதைத்துவிட்டார். நான் வேட்டியைக் கொடுத்தேன், பையன் கொடுத்தது என்றேன். வாங்கிக் கண்ணில் ஒற்றிக்கொண்டார்.

டிசம்பர் 9

காலையில் கொட்டகைக்குப் போனால் தொட்டி நிறைந்திருக்கிறது. வேலிக்கு அடியில் ஒரு குழாய், அதன் வாய் என் தொட்டியில். பூவரசு இலை ஒன்றுகூட மிதக்கவில்லை.

திரும்பிப் பார்த்தேன். வேலிப் படல் பக்கத்தில் புது வேட்டியோடு நிற்கிறார், கையில் புதுச் சாவி.

“எனக்கு மூணு நாள் ஆச்சுங்க. இனி உங்க முறைங்க.”

நான் சாவியையே பார்ப்பதைக் கண்டு அவருக்குப் பயமாகிவிட்டது போல. மாட்டி வெக்கலாமுன்னு பாத்தனுங்க, வேப்பமரம் இல்லீங்களே என்றார். சாவியை என் கையில் வைத்தார். இத்தனை வருஷத்தில் இதுதான் முதல் தடவை. சாவி வெதுவெதுப்பாக இருந்தது, வெகு நேரமாகக் கையிலேயே வைத்துக்கொண்டு நின்றிருப்பார்.

இரண்டு பேருக்கும் நடுவில் பூவரசு நிற்கிறது. நல்ல வைரம் பாய்ந்த மரம், ஆணி அடித்தால் எத்தனை வருஷமானாலும் தாங்கும். நான் சொல்லவில்லை. அவரும் அந்த மரத்தை நிமிர்ந்து பார்க்கவில்லை.

பன்னிரண்டாம் தேதி என் முறை முடிகிறது. நான் கொண்டுபோய்க் கொடுக்க வேண்டும்.